கட்சிச் சண்டை கரையோடு சரி!



அரசியலில் இருக்கும் ஒருவர் நேற்றுச் சொன்னதற்கு நேர்மாறாக இன்று ஏதாவது சொல்லி விட்டால், நாம் உடனே அதற்கு ஒரு பெயர் வைத்து விடுகிறோம். "பல்டி அடித்து விட்டார்" என்கிறோம். சர்க்கஸ்காரன் அடித்தால் கை தட்டுவோம். அரசியல்வாதி அடித்தால் முகம் சுளிப்போம். அதில் தப்பும் இல்லை. பதவிக்காகவும் பணத்துக்காகவும் குட்டிக்கரணம் போடுகிறவர்களை எல்லாத் தேசங்களிலும் ஜனங்கள் பார்த்துச் சலித்திருக்கிறார்கள்.

ஆனால் இதில் ஒரு சங்கடம் இருக்கிறது. உண்மையாகவே மனம் மாறியவனையும் நாம் அதே தராசில்தான் நிறுத்துகிறோம். வீட்டுக்குள்ளேயே பாருங்களேன்! "பெண்ணுக்குப் பத்தாவது வரை படிப்புப் போதும்" என்று ஒரு காலத்தில் சொன்ன மாமியார், பேத்தியைக் கல்லூரியில் சேர்க்கலாம் என்று இன்று வாயைத் திறந்தால், "அன்றைக்கு என்ன சொன்னீர்கள், ஞாபகம் இருக்கிறதா?" என்று யாராவது ஒருவர் கேட்காமல் இருக்க மாட்டார்கள். அந்த ஒரு கேள்விக்குப் பயந்தே எத்தனையோ பேர், தவறு என்று தெரிந்த பிறகும் பழைய பேச்சையே பிடித்துக் கொண்டு தொங்குகிறார்கள்.

மனம் மாறுவதற்கும் பல்டி அடிப்பதற்கும் என்ன வித்தியாசம்? எதை வைத்து நாம் பிரித்து அறிவது? இதற்கு ஒரு நல்ல உதாரணம் அமெரிக்காவில் இருந்தார். அவர் பெயர் ஆர்தர் வாண்டன்பெர்க். மிச்சிகன் மாகாணத்திலிருந்து செனட் சபைக்குச் சென்றவர். அவர் மனம் மாறிய கதையை இந்த வாரம் சொல்கிறேன். தேதிகளும் ஓட்டுக் கணக்குகளும் நடு நடுவே வரும். பயந்து விடாதீர்கள், மளிகைக் கணக்கை விட இது சுலபம்தான்.

குதிரைச் சேணமும் கைவண்டியும்

வாண்டன்பெர்க் 1884-ஆம் வருஷம் கிராண்ட் ராப்பிட்ஸ் என்னும் ஊரில் பிறந்தார். தகப்பனாருக்குக் குதிரைச் சேணம் செய்து விற்கும் தொழில். 1893-இல் அமெரிக்காவில் பெரிய பணமுடை ஏற்பட்டது. பல பாங்குகள் கதவை இழுத்து மூடின. அந்தச் சுழலில் சேண வியாபாரமும் முழுகிப் போயிற்று. பையனுக்கு அப்போது வயது ஒன்பது. கைவண்டியில் சாமான் தள்ளியும் இன்னும் கிடைத்த சில்லறை வேலைகளைச் செய்தும் குடும்பத்துக்குத் தன்னால் ஆனதைச் சம்பாதித்தான்.

பின்னர் சர்வகலாசாலையில் ஒரு வருஷம் சட்டம் படித்தார். அதற்கு மேல் படிப்பு ஓடவில்லை. பத்திரிகைத் தொழிலில் புகுந்தார். 1906-இல் அவ்வூர் 'ஹெரால்ட்' பத்திரிகைக்கு ஆசிரியராக நியமனமான போது அவருக்கு வயது 22-தான்! இருபது வருஷத்துக்கு மேல் அந்த நாற்காலியில் உட்கார்ந்து தலையங்கம் எழுதினார். 1928-இல் மிச்சிகன் செனட்டர் ஒருவர் காலமானதால் காலியான இடத்துக்கு வாண்டன்பெர்க் நியமிக்கப்பட்டார். அவர் குடியரசுக் கட்சிக்காரர்.

தம் முயற்சியால் முன்னுக்கு வந்தவர்களுக்கு ஒரு சுபாவம் உண்டு. தங்கள் வீட்டைச் சுற்றி உயரமாக மதில் எழுப்பிக் கொண்டு, "நாம் உண்டு, நம் வேலை உண்டு" என்று இருக்க விரும்புவார்கள். அந்தக் காலத்து அமெரிக்காவின் சுபாவமே அப்படித்தான் இருந்தது. கிழக்கே அட்லாண்டிக், மேற்கே பசிபிக். இரண்டு சமுத்திரங்களே அகழி. ஐரோப்பாக்காரர்களின் சண்டை ஐரோப்பாவோடு போகட்டும்! முதல் ஜனாதிபதி ஜார்ஜ் வாஷிங்டன் 1796-இல் பதவியை விட்டு விலகும்போது, அந்நிய நாடுகளோடு நிரந்தரக் கூட்டு வேண்டாம் என்று எழுதி வைத்துப் போனார். அந்தப் பிரியாவிடைச் செய்தியை வருஷா வருஷம் அவருடைய பிறந்த நாளையொட்டிச் செனட் சபையில் வாசிப்பது இன்றும் வழக்கம். அவ்வளவு பக்தி!

இந்தக் கொள்கைக்கு 'ஒதுங்கி வாழும் கொள்கை' என்று பெயர். அதில் முன்னணி வீரராக விளங்கியவர் வாண்டன்பெர்க்.

அவர்கள் பக்கத்து நியாயம்

ஒதுங்கி வாழ விரும்பியவர்கள் எல்லோரும் கல் நெஞ்சர்கள் என்று நினைத்து விடக் கூடாது. அவர்கள் பக்கத்திலும் நியாயம் இருந்தது.

முதல் உலக யுத்தத்தில் அமெரிக்கா 1917-இல் தான் சேர்ந்தது. அதற்குள்ளாகவே ஒரு லட்சத்துக்கு மேற்பட்ட அமெரிக்கர்கள் உயிர் துறந்தார்கள். "இனி யுத்தமே வராமல் இருப்பதற்காக ஒரு யுத்தம்" என்று சொல்லி அழைத்துப் போனார்கள். திரும்பி வந்து பார்த்தால் ஐரோப்பா பழையபடியே கத்தியைத் தீட்டிக் கொண்டிருந்தது. ஜனாதிபதி வில்ஸன் சர்வதேச சங்கம் ஒன்றை அமைத்தார். அவருடைய சொந்தத் தேசத்துச் செனட் சபையே அதில் சேர மறுத்தது. ஒப்பந்தத்தை ஏற்க மூன்றில் இரண்டு பங்கு ஓட்டு வேண்டும். 1920 மார்ச்சில் நடந்த கடைசி ஓட்டெடுப்பில் ஆதரவாக 49, எதிராக 35. இன்னும் ஏழு ஓட்டு இருந்திருந்தால் சரித்திரமே வேறாகியிருக்கலாம்!

1934-இல் செனட் சபை ஒரு விசாரணைக் குழுவை நியமித்தது. செனட்டர் நை என்பவர் அதன் தலைவர். வாண்டன்பெர்க் ஓர் அங்கத்தினர். பீரங்கியும் வெடிமருந்தும் செய்து விற்ற கம்பெனிகள் யுத்த காலத்தில் எவ்வளவு லாபம் அடித்தன என்பதை அந்தக் குழு துருவித் துருவிக் கேட்டு வெளியிட்டது. பிள்ளைகளைப் பறி கொடுத்த தாய்மார்களுக்கு எப்படி இருந்திருக்கும்? "நம் குழந்தையின் உயிர் யாரோ ஒருவனுடைய பேரேட்டில் லாபமாகப் பதிவாகியிருக்கிறதா?" என்று வயிறு எரிந்திருக்காதா? யுத்தம் செய்யும் நாடுகளுக்கு ஆயுதம் விற்கக் கூடாது என்று 1935-இல் ஒரு நடுநிலைச் சட்டம் வந்தது. அதற்கு வாண்டன்பெர்க்கின் பூரண ஆதரவு இருந்தது.

1939-இல் ஹிட்லர் போலந்தின் மீது பாய்ந்தான். ஆயுத விற்பனைத் தடையை நீக்க வேண்டும் என்றார் ஜனாதிபதி ரூஸ்வெல்ட். கூடாது என்று போராடினார் வாண்டன்பெர்க். தோற்றார். அடுத்த வருஷம் ஜனாதிபதி ஸ்தானத்துக்குத் தம் கட்சியின் அபேட்சகராக நிற்கவும் முயன்றார். அதுவும் பலிக்கவில்லை.

1940 டிசம்பரில் ரூஸ்வெல்ட் பத்திரிகை நிருபர்களிடம் ஒரு வீட்டு உதாரணம் சொன்னார். பக்கத்து வீடு பற்றி எரிகிறது. உங்களிடம் தோட்டத்துக்குத் தண்ணீர் விடும் ரப்பர்க் குழாய் இருக்கிறது. "பதினைந்து டாலர் கொடுத்தால்தான் தருவேன்" என்று அந்த நேரத்தில் பேரம் பேசுவீர்களா? குழாயைக் கொடுப்பீர்கள், நெருப்பு அணைந்ததும் திரும்பி வாங்கிக் கொள்வீர்கள். பிரிட்டனுக்கு ஆயுத உதவி செய்யும் 'கடன் - குத்தகை' மசோதா இந்த உதாரணத்தோடுதான் பிறந்தது. 1941 மார்ச் 8-ஆம் தேதி செனட் சபையில் 60-க்கு 31 என்று நிறைவேறியது. அந்த 31 பேரில் வாண்டன்பெர்க்கும் ஒருவர். நூற்றைம்பது வருஷத்துக் கொள்கையைக் கிழித்துப் போட்டு விட்டோமே என்று தம் டயரியில் மனம் கசந்து எழுதி வைத்தார்.

ஒட்டும் பசையும் ஒரு செய்தியும்

1941 டிசம்பர் 7, ஞாயிற்றுக்கிழமை. வாண்டன்பெர்க் வீட்டில் இருந்தார். யுத்தத்தில் அமெரிக்கா சிக்கிக் கொள்ளக் கூடாது என்று தாம் நடத்திய போராட்டத்தைப் பற்றிப் பத்திரிகைகளில் வந்த துணுக்குகளைக் கத்தரித்து, பெரிய நோட்டுப் புத்தகம் ஒன்றில் ஒட்டிக் கொண்டிருந்தார். அந்தச் சமயத்தில்தான் பேர்ல் ஹார்பரை ஜப்பானிய விமானங்கள் தாக்கி விட்டன என்ற செய்தி வந்து சேர்ந்தது. அன்று காலையில் அங்கே மாண்டவர்கள் 2,400-க்கும் மேல்.

பசிபிக் சமுத்திரம் என்ற அகழியை ஜப்பானியர் ஒரே காலைப் பொழுதில் தாண்டி வந்து விட்டார்கள். உண்மையைக் கண் கொண்டு பார்க்கக் கூடிய எவருக்கும் ஒதுங்கி வாழும் கொள்கை அன்றோடு முடிந்து போயிற்று என்று அவரே பின்னால் எழுதினார்.

ஆனால் சகோதரிகளே, மறு நாள் காலையிலேயே அவர் புது மனிதராகி மேடை ஏறி விடவில்லை. யுத்தத்துக்கு ஆதரவாக ஓட்டுப் போட்டார், அவ்வளவுதான். ரூஸ்வெல்ட்டிடம் அவநம்பிக்கை போகவில்லை. யுத்தம் முடிந்த பிறகு என்ன செய்வது என்ற கேள்விக்கு அவரிடம் உடனடியாகப் பதில் இல்லை. ஒன்றரை வருஷத்துக்கு மேல் யோசித்தார்.

1943 செப்டம்பரில் குடியரசுக் கட்சித் தலைவர்கள் மிச்சிகனில் உள்ள மாக்கினாக் தீவில் கூடினார்கள். மோட்டார் வண்டியே அனுமதிக்காத தீவு அது, குதிரை வண்டிதான். அந்நிய நாட்டு விவகாரங்களுக்கான குழுவுக்கு வாண்டன்பெர்க் தலைவர். கட்சியில் ஒரு கோடியில், "உலகத்தோடு நமக்கு ஒட்டே வேண்டாம்" என்பவர்கள். மறு கோடியில், "உலகம் முழுவதற்கும் ஒரே சர்க்கார் வேண்டும்" என்பவர்கள். இரு தரப்பாரையும் உட்கார வைத்துப் பேசி, யுத்தத்துக்குப் பின் சுதந்தர நாடுகள் கூட்டாக அமைக்கும் ஸ்தாபனத்தில் அமெரிக்கா பொறுப்போடு பங்கு கொள்ள வேண்டும் என்று ஒரு தீர்மானத்துக்குக் கொண்டு வந்தார். மாட்டுச் சந்தையில் துணிக்குள் விரல் தொட்டுப் பேசுகிற மாதிரிதான். ஆனாலும் பேரம் படிந்தது!

அந்தப் பிரசங்கம்

1945 ஜனவரி 10-ஆம் தேதி செனட் சபையில் வாண்டன்பெர்க் எழுந்தார். பத்திரிகாசிரியர் அல்லவா? பிரசங்கத்தைத் தாமே டைப் அடித்து, திருத்தி, கிழித்து, மறுபடி டைப் அடித்துப் பல முறை எழுதியிருந்தார்.

தாம் தன்னம்பிக்கைக் கொள்கையில் ஊறியவர் என்பதை அவர் மறைக்கவில்லை. முன்பு சொன்னதை யாரோ திரித்து விட்டதாகப் பழி போடவும் இல்லை. இனிமேல் எந்த தேசமும் தன்னந்தனியாகத் தன்னைக் காத்துக் கொள்ள முடியாது என்று தெளிவாகச் சொன்னார். சமுத்திரங்கள் அகழியாக இருந்த காலம் போய் விட்டது. ஆளில்லாமல் பறந்து வந்து விழும் வெடிகுண்டுகள் வந்து விட்டன. இன்னொரு யுத்தம் வந்தால் அது எத்தனை கோரமாக இருக்குமோ என்றார்.

வெறும் உருக்கமான பேச்சாக அது நிற்கவில்லை. ஒரு யோசனையும் சொன்னார். கிழக்கு ஐரோப்பிய நாடுகளை ரஷ்யா தன் பிடிக்குள் வைத்துக் கொள்ள ஏன் பார்க்கிறது? ஜெர்மனி மறுபடியும் படையெடுக்குமோ என்ற பயத்தால் என்கிறது. அப்படியானால், ஜெர்மனியையும் ஜப்பானையும் மீண்டும் ஆயுதம் எடுக்க விடுவதில்லை என்று நேச நாடுகள் இப்போதே உறுதியான ஒப்பந்தம் செய்து கொள்வோம். அதன் பிறகு அந்தச் சாக்கு யாருக்கும் இருக்காது என்றார்.

சட்டசபைப் பிரசங்கங்கள் பெரும்பாலும் அச்சாகிப் பரணுக்குப் போய் விடும். இதுவோ தேசமெங்கும் பத்திரிகைகளின் முதல் பக்கத்தில் வந்தது. கடிதங்கள் வந்து குவிந்தன. கிரிமியாவில் யால்டா என்னும் இடத்தில் சர்ச்சிலையும் ஸ்டாலினையும் சந்திக்கக் கப்பல் ஏறிய ரூஸ்வெல்ட், எதிர்க் கட்சிக்காரரின் இந்தப் பிரசங்கத்தின் பிரதிகளை எடுத்துக் கொண்டு போனார்!

இங்கே ஒரு விஷயம் சொல்லி விட வேண்டும். வாண்டன்பெர்க் ரிஷி அல்ல, அரசியல்வாதி. 1945-இல் அமெரிக்க ஜனங்களின் மனமே பெரிதும் மாறியிருந்தது. அவருடைய மாகாணத்தில் போலந்து வம்சாவளியினர் ஏராளம். போலந்தின் கதி பற்றி அவர் கவலைப்பட்டதில் ஓட்டுக் கணக்கும் கொஞ்சம் கலந்திருக்கலாம். தம் குரலைத் தாமே ரசிப்பவர் என்ற பெயரும் அவருக்கு உண்டு. இவற்றையெல்லாம் கழித்துப் பார்த்தாலும் மிச்சம் கணிசமாகவே இருக்கிறது.

சொன்னதோடு நிற்கவில்லை

ஐக்கிய நாடுகள் ஸ்தாபனத்தை அமைப்பதற்காக ஸான் பிரான்ஸிஸ்கோவில் மகாநாடு கூடியது. அமெரிக்கப் பிரதிநிதிகளில் ஒருவராக வாண்டன்பெர்க்கை நியமித்தார் ரூஸ்வெல்ட். "என் சொந்த அபிப்பிராயத்தைச் சொல்ல எனக்குச் சுதந்தரம் இருக்குமா?" என்று வாண்டன்பெர்க் முதலில் கேட்டுத் தெரிந்து கொண்டார். இருக்கும் என்று பதில் வந்த பிறகே சம்மதித்தார். ஏப்ரல் 12-ஆம் தேதி ரூஸ்வெல்ட் காலமானார். வாண்டன்பெர்க்கோடு செனட் சபையில் பத்து வருஷம் இருந்த ட்ரூமன் ஜனாதிபதியானார். மகாநாடு குறித்தபடி 25-ஆம் தேதி தொடங்கியது.

அந்த மகாநாட்டில் நம்மவரும் ஒருவர் முக்கிய ஸ்தானம் வகித்தார். இந்தியப் பிரதிநிதிகளின் தலைவராகச் சென்றவர் ஸர் ஏ. ராமஸ்வாமி முதலியார். பொருளாதார, சமூக விஷயங்களை ஆராய்ந்த குழுவுக்கு அவர் தலைமை வகித்தார். அடுத்த வருஷம் ஐ.நா.வின் பொருளாதார சமூக சபைக்கு முதல் தலைவரும் ஆனார். ஜூன் 26-ஆம் தேதி சாஸனத்தில் இந்தியாவுக்காகக் கையெழுத்திட்டவர்களில் அவரும் ஒருவர்.

வல்லரசுகள் முன்கூட்டித் தயாரித்து வைத்திருந்த நகலில் 'நீதி' என்ற வார்த்தைக்குப் போதிய இடம் இல்லை என்று வாண்டன்பெர்க் வாதாடினார். சாஸனத்தில் அந்த வார்த்தை இடம் பெற்றது. 1945 ஜூலை 28-ஆம் தேதி அமெரிக்கச் செனட் சபை அதை ஏற்றுக் கொண்டது. ஆதரவாக 89; எதிராக 2. இருபத்தைந்து வருஷத்துக்கு முன் ஏழு ஓட்டில் கவிழ்ந்த காரியம் இது என்பதை ஞாபகப்படுத்திக் கொள்ளுங்கள்!

1946-இல் பெரும் பகுதியைப் பாரிஸிலும் மற்ற மகாநாடுகளிலும் கழித்தார். உடன் சென்ற மனைவி ஹேஸல் அம்மாள் தாமும் ஒரு பத்திரிகையாளராக இருந்தவர். பார்த்தவற்றை டயரியில் எழுதி வைத்தார். அந்த வருஷ நவம்பரில் தேர்தல். ஊர் ஊராக ஓட்டுக் கேட்கப் போகாமலே வாண்டன்பெர்க் ஜயித்தார். குடியரசுக் கட்சிக்குப் பெரும்பான்மை கிடைத்ததால் 1947 ஜனவரியில் செனட்டின் அந்நிய நாட்டு உறவுக் குழுவுக்குத் தலைவரானார். ஜனாதிபதியோ ஜனநாயகக் கட்சி. அதாவது, பணப்பெட்டி ஒருவர் கையில்; அதன் சாவி மற்றவர் கையில்!

இந்த நிலையில் சாதாரணமாக என்ன நடக்கும்? ஜனாதிபதி கேட்பதையெல்லாம் இல்லை என்று சொல்லி, இரண்டு வருஷம் இழுத்தடித்தால் அடுத்த தேர்தலில் கட்சிக்கு லாபம். வாண்டன்பெர்க் அதைச் செய்யவில்லை. கட்சிச் சண்டை கரையோடு சரி. கடலைத் தாண்டி அது போகக் கூடாது என்பது அவர் பெயரோடு சேர்ந்து விட்ட கொள்கை. உள்நாட்டில் வரி, விலைவாசி, தொழிலாளர் சட்டம் இவற்றில் எவ்வளவு வேண்டுமானாலும் மோதிக் கொள்ளலாம். அந்நியர் முன்னால் நிற்கும்போது தேசம் ஒன்று.

நம் வீடுகளிலும் இது உண்டுதானே? அடுக்களையில் ஓரகத்திகளுக்குள் ஆயிரம் இருக்கும். சம்பந்தி வீட்டார் வந்து விட்டால் ஒருவர் இலை போடுவார், ஒருவர் பரிமாறுவார்.

தலையாட்டி அல்ல

ஆனால் ஒன்று. ஒத்துழைப்பு என்றால் தலையாட்டுவது என்று அவர் அர்த்தம் செய்து கொள்ளவில்லை. எனக்கு அவரிடம் மிகவும் பிடித்த குணம் இதுதான்.

1947 மார்ச்சில் கிரீஸுக்கும் துருக்கிக்கும் 40 கோடி டாலர் உதவி வேண்டும் என்று ட்ரூமன் கேட்டார். "ஐ.நா.வை ஏன் ஒதுக்கி வைத்தீர்கள்?" என்று கேட்டார் வாண்டன்பெர்க். ஐ.நா. வேண்டாம் என்று தீர்மானித்தால் உதவியை நிறுத்தி விட வேண்டும் என்று ஒரு திருத்தம் சேர்த்த பிறகே மசோதாவை நடத்திக் கொடுத்தார்.

அடுத்தது மார்ஷல் திட்டம். யுத்தத்தில் நாசமான ஐரோப்பாவில் நிலக்கரி இல்லை, ரொட்டி இல்லை. ராஜாங்க மந்திரி மார்ஷல் 1947 ஜூன் 5-ஆம் தேதி ஹார்வர்டு சர்வகலாசாலையில் உதவித் திட்டத்தை வெளியிட்டார். நாலு வருஷத்துக்கு 1,700 கோடி டாலர் என்று சர்க்கார் கேட்டது. நல்ல குடும்பத் தலைவி போல வாண்டன்பெர்க் கணக்குக் கேட்டார். நம் தேசத்தால் இவ்வளவு தாங்குமா என்று இரு கட்சியிலும் சேராத நிபுணர்களையும் கொண்டு ஆராயச் சொன்னார். நாலு வருஷத் தொகையை இப்போதே எழுதிக் கொடுக்க முடியாது. முதல் வருஷத்துக்கு 530 கோடி, அதன் பலனைப் பார்த்து மேலே என்றார். ராஜாங்க இலாகா இதை நடத்தக் கூடாது. தனி நிர்வாகம் வேண்டும், வியாபாரம் தெரிந்தவர் தலைவராக வேண்டும் என்றார். ஸ்டூடிபேக்கர் மோட்டார் கம்பெனித் தலைவர் பால் ஹாப்மன் அந்தப் பதவிக்கு வந்தார். 1948 மார்ச்சில் செனட் சபையில் 69-க்கு 17 என்று மசோதா நிறைவேறியது. மொத்தத்தில் சுமார் 1,300 கோடி டாலர் செலவாயிற்று; கேட்டதை விடக் குறைவு!

எதையும் திருத்தாமல் அவர் விட மாட்டார் என்பது அதிகாரிகளுக்குத் தெரிந்து போயிற்று. ராஜாங்க இலாகாவின் உதவி மந்திரி லவெட் மாலை வேளைகளில் வீட்டுக்குப் போகும் வழியில், வார்ட்மன் பார்க் ஹோட்டலில் வாண்டன்பெர்க் குடியிருந்த ஜாகைக்கு வந்து அன்றைய தந்திகளைக் காட்டி ஆலோசிப்பார். 1948 ஜூனில் செனட் சபை ஏற்ற 'வாண்டன்பெர்க் தீர்மானம்' அந்த ஜாகையில் உருவானதுதான். மறு வருஷம் ஏப்ரல் 4-ஆம் தேதி 12 தேசங்கள் கையெழுத்திட்ட வட அட்லாண்டிக் ஒப்பந்தத்துக்கு வழி செய்தது அத்தீர்மானமே. அதில் 2024-இல் சுவீடனும் சேர்ந்தபோது அங்கத்தினர் எண்ணிக்கை 32 ஆயிற்று.

ஒற்றுமைக்கும் ஓர் ஆபத்து

இரு கட்சிகளும் ஒன்று சேர்ந்து விட்டால் எல்லாம் நன்மையாகவே முடியும் என்று சொல்ல நான் வரவில்லை. 1964 ஆகஸ்டில் வியட்நாம் விஷயமாக ஜனாதிபதி ஜான்ஸன் ஒரு தீர்மானம் கேட்டார். செனட் சபையில் 88 பேர் ஆதரவு. இரண்டே பேர் எதிர்ப்பு. இரண்டு கட்சிக்காரர்களும் கை தூக்கினார்கள். அதன் பின்னால் வந்தது என்ன என்று உலகம் அறியும். அங்கேயும் ஒற்றுமை இருந்தது. 'என்ன, ஏன், எவ்வளவு?' என்ற கேள்விதான் போதிய அளவு இல்லை. மார்ஷல் திட்டத்துக்கு மாதக் கணக்கில் விசாரணை நடந்தது. வியட்நாம் தீர்மானமோ கேட்ட சில நாளில் நிறைவேறி விட்டது.

மாறாதவர்களை எல்லாம் பிடிவாதக்காரர் என்று தள்ளி விடவும் கூடாது. அமெரிக்கக் காங்கிரஸுக்குத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் பெண்மணி ஜெனட் ராங்கின். 1917-இல் முதல் யுத்தத்தை எதிர்த்து ஓட்டளித்தார். அப்போது அவரோடு 49 பேர் இருந்தார்கள். பேர்ல் ஹார்பருக்கு மறு நாள் பிரதிநிதிகள் சபையில் ஓட்டெடுத்த போது 388 பேர் யுத்தத்துக்கு ஆதரவு; எதிர்த்தவர் ராங்கின் ஒருவரே. கோபத்தோடு சூழ்ந்த கூட்டத்துக்குத் தப்ப, டெலிபோன் அறைக்குள் புகுந்து கதவைச் சாத்திக் கொண்டார். மகாத்மாவிடம் ஈடுபாடு கொண்டு பிற்காலத்தில் பல முறை இந்தியாவுக்கும் வந்தார். அன்று அவர் சொன்னது நடைமுறைக்கு ஒத்ததா என்பது வேறு விஷயம். ஆனால் அவருடைய ஓட்டுக்கு அவர் விலை கொடுத்தார், பதவி போயிற்று. வாண்டன்பெர்க்கும் ராங்கினும் எதிர் எதிர்த் திசையில் போனவர்கள். இருவரையும் நாம் மதிக்கிறோம். ஏன்?

இங்கேதான் நாம் தேடிய தராசு கிடைக்கிறது. பல்டி அடிப்பவன் தன் பழைய பேச்சை மறைப்பான், வாண்டன்பெர்க் மறைக்கவில்லை. பல்டி அடிப்பவனுக்கு ஒரே இரவு போதும். வாண்டன்பெர்க்குக்கு மூன்று வருஷத்துக்கு மேல் ஆயிற்று. பல்டி அடித்தவன் புது இடத்தில் போய்க் கை கட்டி நிற்பான். வாண்டன்பெர்க் அங்கேயும் கணக்குக் கேட்டார். எல்லாவற்றுக்கும் மேலாக, பல்டி அடிப்பவன் சொல்லோடு நிற்பான். மனம் மாறியவன் அதற்கு அப்புறம் உழைப்பான்.

அந்த உழைப்பு அவர் உடலை உருக்கி விட்டது. சுருட்டுப் பிடிக்கும் பழக்கம் வேறு. 1949 அக்டோபரில் நுரையீரலில் சத்திர சிகிச்சை நடந்தது. அதன் பிறகு செனட் சபைக்கு அவர் வந்த நாட்கள் சொற்பம். 1950-இல் ஹேஸல் அம்மாள் கணவருக்கு முன்னதாகக் காலமானார். 1951 ஏப்ரல் 18-ஆம் தேதி, பிறந்த ஊரிலேயே வாண்டன்பெர்க்கும் கண் மூடினார். அதற்குள்ளாகவே சீனா பற்றியும் கொரியா பற்றியும் கட்சிச் சண்டை கரையைத் தாண்டிக் கடலில் இறங்கியிருந்தது. நோயாளியாகப் படுத்திருந்த அவரால் அதைத் தடுக்க முடியவில்லை.

2004-இல் செனட் சபையின் வரவேற்பு மண்டபத்தில் அவருடைய சித்திரத்தைத் திறந்து வைத்தார்கள். அங்கே இடம் கிடைத்த செனட்டர்கள் வெகு சிலரே.

ஆகவே சகோதரிகளே, அடுத்த தடவை உங்கள் வீட்டில் யாராவது, "நான் முன்பு அப்படி நினைத்தேன்; இப்போது இப்படித் தோன்றுகிறது" என்று சொன்னால், "அன்றைக்கு என்ன சொன்னீர்கள்?" என்று மடக்க வேண்டாம். "எதனால் மாறினீர்கள்? இனி என்ன செய்யப் போகிறீர்கள்?" என்று கேட்டுப் பாருங்கள். இரண்டு கேள்விக்கும் பதில் இருந்தால் அது பல்டி அல்ல. கையைப் பிடித்து உட்கார வைத்து, ஒரு டம்ளர் காப்பி கொடுங்கள்!